பச்சைமலையில் ஒரு வீடு: எழுதப்படாத வரலாறு

பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களின் வரலாறு என்றவுடன் பலருக்கும் நினைவுக்கு வருவது என்ன? முதலில் கங்கைகொண்ட சோழபுரம். கங்கை வரை படை அனுப்பி வென்றதன் நினைவாக முதலாம் இராசேந்திரன் உருவாக்கிய அந்த நகரம், சுமார் 250 ஆண்டுகள் சோழர்களின் தலைநகராக விளங்கியது. அடுத்து ரஞ்சன்குடிக் கோட்டை. 1751-இல் ஆங்கிலேயர் துணையோடு முகமது அலியும், பிரெஞ்சுக்காரர் துணையோடு சந்தா சாகிப்பும் மோதிய வாலிகொண்டாபுரம் போர் நடந்த பகுதி அது. அதன் பிறகு அரியலூரின் சுண்ணாம்புக்கல், கோடிக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் அங்கே கடல் இருந்ததைக் காட்டும் புதைபடிவங்கள், இன்றைய சிமெண்ட் ஆலைகள்... இவ்வளவுதான் பெரும்பாலும் பேசப்படுகிறது.

இவை எல்லாமே சமவெளியின் வரலாறு. பெரம்பலூரிலிருந்து வடமேற்கே போகப் போக ஒரு மலைத்தொடர் எழுந்து நிற்கிறதே, அதைப் பற்றி யாரும் பேசுவதில்லை. அதுதான் பச்சைமலை. அங்கே பெரிய போர் எதுவும் நடக்கவில்லை. தலைநகரம் எதுவும் எழும்பவில்லை. கடையெழு வள்ளல்களில் ஒருவரான வல்வில் ஓரி பக்கத்திலுள்ள கொல்லிமலைக்கு உரியவர். பச்சைமலைக்கு அப்படி ஒரு வள்ளலும் இல்லை. அங்கே இருந்ததெல்லாம் வீடுகள். விடிந்தால் எழுந்து, தினை சாமை விதைத்து, இருட்டினால் உறங்கிய மனிதர்களின் வீடுகள்.

அப்படிப்பட்ட வீட்டுக்கு வரலாறு உண்டா? உண்டு. அதைத்தான் இங்கே பார்க்கப் போகிறோம்.

மலை எங்கே? மக்கள் யார்?

பச்சைமலை கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதி. திருச்சி, சேலம், பெரம்பலூர் ஆகிய மூன்று மாவட்டங்களில் பரவிக் கிடக்கிறது. ஊர்கள் இருக்கும் மேட்டுநிலம் ஏறத்தாழ 500 மீட்டருக்கு மேல் தொடங்குகிறது, உச்சிகள் ஆயிரம் மீட்டரைத் தொடுகின்றன. மேற்கே கொல்லிமலையும் வடக்கே கல்வராயன் மலையும் உள்ளன. மலைமேல் உள்ள ஊர்கள் வண்ணாடு, கோம்பை, தென்புறநாடு என்று 'நாடு'களாகப் பிரிக்கப்பட்டவை. பெரம்பலூர் பக்கத்து அடிவாரத்தில் மலையாளப்பட்டி, கோரையாறு போன்ற ஊர்கள் இருக்கின்றன.

பெரம்பலூர், அரியலூருக்கும் இந்த மலைக்கும் உள்ள முதல் உறவு தண்ணீர். பச்சைமலைப் பகுதியில் பிறக்கும் மருதையாறு பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களின் வழியாக ஓடிக் கொள்ளிடத்தில் கலக்கிறது. மலைமேல் ஒரு வீட்டுக் கூரையில் விழும் மழை கடைசியில் அரியலூர்க்காரரின் வயலுக்கும் வருகிறது என்று சொன்னால் அது மிகையில்லை!

இங்கே வாழும் பழங்குடி மக்களின் பெயர் 'மலையாளி'. இந்தப் பெயரைக் கேட்டதும் கேரளத்துக்காரர் என்று நினைப்பவர்கள் ஏராளம். அது தவறு. மலையை ஆள்பவர், மலையில் வாழ்பவர் என்பதே இங்கே பொருள். அவர்களின் தாய்மொழி தமிழ். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி தமிழகப் பழங்குடிகளில் எண்ணிக்கையில் முதலிடம் இவர்களுக்குத்தான், ஏறத்தாழ மூன்றரை லட்சம் பேர். சேர்வராயன், கொல்லி, கல்வராயன், ஜவ்வாது, சித்தேரி மலைகளிலும் இவர்கள் வாழ்கிறார்கள்.

இவர்கள் தங்களைப் பற்றிச் சொல்லும் கதை ஒன்று உண்டு. முன்னோர்கள் காஞ்சிபுரத்திலிருந்து வந்த அண்ணன் தம்பிகள் மூவர். பெரியண்ணன் சேர்வராயன் மலைக்கும், நடுவண்ணன் பச்சைமலைக்கும், சின்னண்ணன் கொல்லிமலைக்கும் போனதாக ஒரு வடிவம் சொல்கிறது. மலைக்கு மலை இந்தக் கதை மாறும். ஆனால் எல்லா வடிவங்களிலும் ஒரு செய்தி பொதுவானது. சமவெளியை விட்டு விலகி மலைக்கு வந்தவர்கள் தாங்கள் என்பதே அது. அதாவது மலை வீடு என்பது உலகத்தின் மூலையில் தானாக முளைத்ததல்ல. ஏதோ ஒரு காலத்தில், ஏதோ ஒரு காரணத்துக்காக, யோசித்துத் தேர்ந்தெடுத்த இடம் என்பதே அவர்களின் நினைவு.

ஏன் இந்த மலை ஒதுங்கியே இருந்தது?

அண்ணன் போன சேர்வராயன் மலையைப் பாருங்கள். 1820-களில் சேலம் கலெக்டராக இருந்த எம்.டி.காக்பர்ன் அங்கே காப்பிச் செடியைக் கொண்டுவந்தார். பின்னாளில் தோட்டங்கள் வந்தன, பங்களாக்கள் வந்தன, பள்ளிகள் வந்தன. ஏற்காடு கோடை வாசஸ்தலமாயிற்று. அந்த மலையின் மக்களில் பலர் தங்கள் மலையிலேயே கூலிகளானார்கள்.

தம்பி போன பச்சைமலைக்கு அப்படிப்பட்ட கோடை நகரம் வரவில்லை. காப்பித் துரைகளின் ராஜ்ஜியமும் அமையவில்லை. இதற்கு ஒரு காரணம், இந்தப் பக்கத்து மலைகளில் இருந்த மலைக்காய்ச்சல் பற்றிய பயம். மலையில் இரவு தங்கினால் காய்ச்சல் வரும் என்று சமவெளிக்காரர்கள் அஞ்சினார்கள். அந்தக் காய்ச்சல் மலேரியாதான். நாடு தழுவிய மலேரியா கட்டுப்பாட்டுத் திட்டம் 1953-இல்தான் தொடங்கியது. அதுவரை கொசுவே இந்த மலைக்குக் கோட்டைச் சுவராக இருந்தது எனலாம். அந்தச் சுவருக்கு உள்ளே இருந்தவர்களும் அதே காய்ச்சலில் விழுந்தார்கள் என்பதையும் மறந்துவிடக் கூடாது.

ஆனால் அரசாங்கம் முழுவதும் விலகி நிற்கவில்லை. 1882-ஆம் ஆண்டின் மதராஸ் வனச் சட்டம் வந்த பிறகு மலைக்காடுகள் அளந்து, எல்லைக் கல் நட்டு, காப்புக்காடுகள் ஆக்கப்பட்டன. அதற்கு முன் மலை விவசாயி ஓரிடத்தில் காட்டை வெட்டி எரித்துப் புனக்காடு ஆக்குவார். சில ஆண்டுகள் விதைத்த பின் அதை ஓய்வுக்கு விட்டுவிட்டு வேறிடம் போவார். கல் நட்ட பின் அது குற்றமாயிற்று. விறகுக்கும், மேய்ச்சலுக்கும், தேனுக்கும்கூட அனுமதி கேட்க வேண்டிய நிலை வந்தது. வாளும் பீரங்கியும் இல்லாமல், ஒரு கல்லால் வீட்டின் எல்லையைச் சுருக்கிய நிகழ்ச்சி இது.

அந்தக் காலத்தில்தான் வெள்ளைக்கார அதிகாரிகள் இவர்களைப் பற்றி எழுதினார்கள். எஃப்.ஆர்.ஹெமிங்வே தொகுத்த திருச்சிராப்பள்ளி மாவட்டக் கையேடு 1907-இல் வந்தது. எட்கர் தர்ஸ்டனின் தென்னிந்திய சாதிகளும் பழங்குடிகளும் பற்றிய ஏழு தொகுதிகள் 1909-இல் வந்தன. அவர்கள் அதிகம் கவனித்தது திருமண முறை, தெய்வங்கள், ஊர்த் தலைவர்கள், எந்த நாட்டார் எந்த நாட்டாரோடு பெண் கொடுத்துப் பெண் எடுப்பார்கள் என்பன போன்றவை. ஒரு வீடு காலையிலிருந்து இரவு வரை எப்படி நடந்தது என்பது அவர்களுக்குப் பெரிதாகத் தோன்றவில்லை. நமக்கு வேண்டியதோ அதுதான்!

வீடு

பழைய மலை வீடு மூங்கிலும் மண்ணும் புல்லும் சேர்ந்தது. மூங்கில் பிளாச்சைத் தட்டியாகப் பின்னி இரண்டு பக்கமும் மண் அப்பினால் சுவர். காட்டுப்புல் வேய்ந்தால் கூரை. தரைக்குச் சாணி மெழுகல். கூரைக்கு அடியில் ஒரு பரண். வீட்டுக்கு உள்ளேயோ ஓரத்திலோ தானியம் கொட்டி வைக்கக் குதிர். பக்கத்தில் ஆடு மாடு கட்டும் பட்டி. சுவர் முதல் கூரை வரை விலை கொடுத்து வாங்கிய பொருள் மிகக் குறைவு.

உள்ளே எரியும் அடுப்பை வெறும் சமையல் இடம் என்று நினைக்கக் கூடாது. அதன் புகை மேலே போய்ப் பரணில் தொங்கும் விதைக்கதிர்களில் படியும். வண்டு விழாது. கூரைப் புல்லும் மூங்கிலும் சீக்கிரம் உளுத்துப் போகாது. மார்கழிக் குளிரில் எல்லோரும் சுற்றிப் படுத்துக்கொள்வதும் அதே அடுப்பைத்தான். சோறு, விதை, கூரை, கதகதப்பு என நான்கையும் ஒரே தீ பார்த்துக்கொண்டது.

வெளிச்சத்துக்கு ஆமணக்கு. மலைமேட்டு நிலங்களில் ஆமணக்கு நன்றாக வரும். அதன் எண்ணெய்க்குத் தமிழில் 'விளக்கெண்ணெய்' என்றே பெயர். மண்ணெண்ணெய் வருவதற்கு முன் வீட்டு விளக்குகளில் எரிந்தது எது என்பதை அந்தச் சொல்லே இன்றும் சொல்லிக்கொண்டிருக்கிறது.

ஒரு நாள்

பொழுது விடியும் முன்பே வேலை தொடங்கிவிடும். முதல் வேலை தண்ணீர். மலையில் கிணறு தோண்டுவது எளிதல்ல. பாறையிடுக்கில் கசியும் ஊற்றுக்கோ ஓடைக்கோ குடத்தோடு இறங்க வேண்டும், நிறைகுடத்தோடு ஏற வேண்டும். கோடையில் ஊற்று சுருங்கினால் குடம் நிறையக் காத்திருக்கவும் வேண்டும்.

அடுத்தது உரலும் உலக்கையும். நெல்லைவிடச் சாமை சிறிய தானியம், உமி கெட்டியாக ஒட்டியிருக்கும். குத்த வேண்டும், முறத்தில் புடைக்க வேண்டும், மறுபடி குத்த வேண்டும், மறுபடி புடைக்க வேண்டும். ஒரு குடும்பத்தின் ஒருவேளைச் சாமைச்சோற்றுக்குப் பின்னால் நீண்ட நேரத்து உழைப்பு இருக்கிறது. கேழ்வரகு என்றால் திருகைக்கல்லில் அரைத்து மாவாக்கிக் களி கிண்ட வேண்டும். இந்த வேலைகள் ஏறத்தாழ எல்லாமே பெண்களுடையவை. மலை வீட்டின் 'அமைதி'க்கு நடுவே விடாமல் கேட்ட சத்தம் உலக்கைச் சத்தம்தான்.

பிறகு காடு. 'காட்டுக்குப் போகிறேன்' என்றால் இந்தப் பக்கத்தில் வயலுக்குப் போகிறேன் என்று பொருள். முதல் மழைக்குப் பின் ஆனி, ஆடியில் விதைக்கும் சாமை மூன்று மாதத்தை ஒட்டிக் கதிர் சாயும். ஒரே நிலத்தில் சாமையோடு துவரை, அவரை, மொச்சை என்று கலந்து விதைப்பார்கள். ஒன்று பொய்த்தாலும் இன்னொன்று கை கொடுக்கும். கதிர் பால் பிடித்தால் பகலில் கிளி, இரவில் காட்டுப்பன்றி. நிலத்தின் நடுவே பரண் கட்டி இரவெல்லாம் காவல் இருக்க வேண்டும். சங்க இலக்கியத்தின் குறிஞ்சித் திணையில் பரண்மேல் நின்று தினைப்புனம் காக்கும் பெண் வருவாள். பாடத்தில் அது காதல் காட்சி. மலையில் அது தூக்கம் கெட்ட இரவு!

மாலையில் விறகோடும் கீரையோடும் திரும்புவார்கள். களியோ சோறோ, அவரைக்கொட்டைக் குழம்போ கீரையோ... இரவுச் சாப்பாடு முடிந்தால் சீக்கிரமே படுக்கை. அடுத்த நாளும் இதேதான். அடுத்த ஆண்டும் இதேதான். இந்தத் திரும்பத் திரும்ப வருதலைப் பார்த்துத்தான் வெளியூர்க்காரர்கள் 'மலையில் வாழ்க்கை அசையாமல் நிற்கிறது' என்றார்கள். நின்ற இடத்தில் நிற்கவே அவ்வளவு ஓட வேண்டியிருந்தது என்பது அவர்கள் கண்ணில் படவில்லை.

வீட்டின் வரவு செலவு

இந்த வீட்டுக்கு ஒரு கணக்கேடு எழுதினால் எப்படி இருக்கும்? வெளியிலிருந்து வாங்குபவை உப்பு, துணி, இரும்பு, கொஞ்சம் எண்ணெய், புகையிலை. விற்பவை புளி, கடுக்காய், தேன், பலாப்பழம், ஆமணக்கு, துடைப்பப் புல். இறங்கிப் போகும் சந்தைகள் துறையூர், தம்மம்பட்டி, உப்பிலியபுரம் பக்கம். பலாவைத் தலையில் சுமந்து ஒற்றையடிப் பாதையில் இறங்கினால், விற்காமல் திரும்பச் சுமந்து ஏற முடியுமா? முடியாது. வியாபாரி சொன்ன விலைதான் விலை. பேரம் பேசும் வலிமை சரக்கில் மட்டும் இல்லை, சரக்கைத் திருப்பி எடுத்துப் போகும் வசதியிலும் இருக்கிறது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது.

ஆனால் இந்தக் கணக்கேட்டில் ஒரு பெரிய சொத்து பதிவாகாமலே இருந்தது. குதிரில் இருந்த சாமை. உமியோடு இருக்கும் சிறுதானியம் ஆண்டுக்கணக்கில் கெடாது. மழை பொய்த்த ஆண்டில் கடன் வாங்காமல் காப்பாற்றும் வங்கி அதுவே. விதையும் அதுவே, சாப்பாடும் அதுவே. பணமாக மதிப்பிடாத காரணத்தால் அதை யாரும் சொத்தாக எண்ணவில்லை. அதைப் பாதுகாத்த பெண்களின் உழைப்பும் எந்தக் கணக்கிலும் ஏறவில்லை.

மாற்றம் வந்த வழி

முதல் பெரிய மாற்றம் ஒரு கிழங்கு. தென் அமெரிக்காவில் பிறந்த மரவள்ளி போர்ச்சுகீசியர் வழியாக இந்தியாவுக்கு வந்தது. 1940-களில் சேலத்தில் ஜவ்வரிசித் தொழில் தொடங்கியது. 1981-இல் ஜவ்வரிசி உற்பத்தியாளர்களுக்காக 'சேகோசர்வ்' கூட்டுறவுச் சங்கம் உருவானது. ஆலைகளின் தேவைக்குச் சுற்றியுள்ள மலைகளிலும் மரவள்ளி ஏறியது. பச்சைமலையில் முந்திரியும் அதோடு சேர்ந்தது. சாமை விளைந்த நிலத்தில் இப்போது பணம் விளைந்தது. பிள்ளையின் படிப்புக்கும், மருந்துக்கும், கல்யாணத்துக்கும் பணம் வேண்டுமே? ஆகவே அதைத் தவறு என்று சொல்ல யாருக்கும் உரிமை இல்லை. ஆனால் மரவள்ளியை ஆண்டுக்கணக்கில் குதிரில் போட்டு வைக்க முடியாது. பிடுங்கினால் சில நாட்களில் விற்றாக வேண்டும். பழைய வங்கி மூடப்பட்டது. வீடு சந்தை விலையோடு கட்டப்பட்டது.

இரண்டாவது மாற்றம் ரேஷன் அரிசி. தமிழகத்தில் 2006-இல் கிலோ இரண்டு ரூபாய், 2008-இல் ஒரு ரூபாய், 2011-இல் இலவசம் என்று அரிசி வந்தது. பசியைத் துரத்தியதில் இதற்கு ஈடு இல்லை. கூடவே பெண்களின் கையிலிருந்து உலக்கையை இறக்கி வைத்ததும் இதுதான். சாமை ஏன் போயிற்று என்று நகரத்தில் வருத்தப்படுபவர்கள், அதைத் தினமும் குத்தியவர்களிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். 2023-ஐ ஐ.நா. சர்வதேச சிறுதானிய ஆண்டாக அறிவித்தது. இன்று நகரத்துக் கடைகளில் சாமை அரிசி நெல்லரிசியைவிடக் கூடுதல் விலைக்கு விற்கிறது. ஒரு காலத்தில் ஏழைச் சோறு என்று ஒதுக்கப்பட்டது, இப்போது வசதியானவர்களின் உணவு!

மூன்றாவது சாலை. சாலையோடு பேருந்து, பள்ளி, உண்டு உறைவிட விடுதி, மின்சாரம், காங்கிரீட் கூரை எல்லாம் வந்தன. அதே சாலை வழியாக மக்கள் வெளியே போகவும் தொடங்கினார்கள். கட்டட வேலை, தோட்ட வேலை, திருப்பூர்ப் பனியன் கம்பெனி என்று மலைகளின் இளைஞர்கள் இறங்கினார்கள். வேலை தேடி இறங்கிய பயணம் எல்லோருக்கும் நல்லபடியாக முடியவில்லை. 2015 ஏப்ரல் 7 அன்று ஆந்திராவின் சேஷாசலம் காட்டில் செம்மரம் வெட்ட வந்தவர்கள் என்று 20 தமிழர்கள் காவல்துறையால் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அவர்களில் வேறு மலைகளைச் சேர்ந்த மலையாளிகளும் இருந்தார்கள். மலை வீட்டால் சோறு போட முடியாமல் போனால் என்ன ஆகும் என்பதற்கு அது ஒரு கொடிய சாட்சி.

எல்லைக் கற்கள்

இதற்கிடையே சமவெளியில் எல்லைகள் மாறிக்கொண்டே இருந்தன. 1995-இல் திருச்சியிலிருந்து பெரம்பலூர் மாவட்டம் பிரிந்தது. 2001-இல் அரியலூர் தனி மாவட்டமாயிற்று. 2002-இல் மறுபடி பெரம்பலூரோடு சேர்க்கப்பட்டது. 2007-இல் மறுபடி பிரிந்தது. மலையில் உலை வைப்பவருக்கு இதனால் என்ன என்று தோன்றலாம். ஆனால் எல்லைக்கு வலிமை உண்டு. மலையாளிகளைப் பழங்குடிப் பட்டியலில் சேர்த்தபோது மாவட்டங்களின் பெயரைக் குறிப்பிட்டே சேர்த்தார்கள். திருச்சிராப்பள்ளி அதில் இருந்ததால் பச்சைமலைக்காரர்களுக்கு அந்த உரிமை கிடைத்தது. ஆனால் கோவை மாவட்டம் பட்டியலில் இல்லை. அதனால் இன்று ஈரோடு மாவட்டத்தில் இருக்கும் பர்கூர் மலையின் மலையாளிகள், அதே மக்களாக இருந்தும், நீண்ட காலம் சான்றிதழுக்காகப் போராட வேண்டியதாயிற்று.

1882-இல் நட்ட கல்லுக்குப் பதில் சொல்ல 2006-இல் வன உரிமைச் சட்டம் வந்தது. காட்டில் தலைமுறைகளாக வாழ்பவர்களுக்கு நிலத்தின் மீதும் காட்டுப் பொருள்களின் மீதும் உரிமை உண்டு என்றது அச்சட்டம். ஆனால் தமிழகத்தில் நீதிமன்ற வழக்கின் காரணமாகப் பட்டா வழங்குவது பல ஆண்டுகள் தள்ளிப் போயிற்று. எழுதப்படாத வரலாற்றின் நஷ்டம் இங்கேதான் தெரிகிறது. நான்கு தலைமுறையாக ஒரு வீட்டில் வாழ்ந்தவரிடம் 'அதற்கு ஆதாரம் என்ன?' என்று கேட்டால் அவர் எதைக் காட்டுவார்? சோழ மன்னன் கொடுத்த நிலத்துக்குக் கல்வெட்டு இருக்கிறது. இவர் உழுத நிலத்துக்கு உழுத தடம் மட்டுமே இருக்கிறது.

அமைதி யாருக்கு?

மலை வீடு என்றால் அமைதி, தூய காற்று, கவலையில்லாத வாழ்க்கை என்று எழுதுவது சுலபம். விடுமுறைக்கு மலையேறுபவர்கள் தேடுவதும் அதைத்தான். ஆனால் சாலை இல்லாத காலத்தில், நள்ளிரவில் பிரசவ வலி கண்ட ஒரு பெண்ணைக் கட்டிலிலோ தூளியிலோ வைத்து நான்கு பேர் தூக்கிக்கொண்டு இறங்கினார்களே, அப்போதும் மலை அமைதியாகத்தான் இருந்தது. 2008-இல் 108 ஆம்புலன்ஸ் தமிழகத்துக்கு வந்தது. அது சாலை இருக்கும் இடம் வரைதான் வரும்.

ஆகவே பழைய வீடு அப்படியே இருக்க வேண்டும் என்று சமவெளியில் உட்கார்ந்துகொண்டு ஆசைப்படுவது நியாயம் அல்ல. காங்கிரீட் வீட்டுக்குப் போனவர்கள் யாரும் மலைக்குத் துரோகம் செய்யவில்லை. அதே நேரத்தில், புகையில் விதை காத்ததும், கலந்து விதைத்துப் பஞ்சத்தைத் தாண்டியதும், ஊற்றுக்கு ஊற்று தண்ணீரின் குணம் தெரிந்திருந்ததும் வெறும் பழைய பழக்கங்கள் அல்ல. அவை பல தலைமுறைகள் சோதித்துப் பார்த்துச் சேர்த்த அறிவு. அந்த அறிவை வைத்திருக்கும் பாட்டிகள் இன்றும் பச்சைமலையில் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பிறகு அதைக் கேட்டுத் தெரிந்துகொள்ள இடம் இருக்காது.

கங்கைகொண்ட சோழபுரத்தின் கல்லைத் தொல்லியல் துறை பாதுகாக்கிறது. அது வேண்டியதுதான். பச்சைமலையின் வரலாறு கல்லில் இல்லை, ஆட்களிடம் இருக்கிறது. அந்தப் பகுதியில் படிக்கும் மாணவர் ஒவ்வொருவரும் ஒரு பாட்டியிடம் ஒரு நாள் முழுக்க உட்கார்ந்து, அவர் வீடு எப்படி நடந்தது என்று கேட்டு எழுதினால்கூடப் போதும். அடுத்த முறை யாராவது 'ஆதாரம் என்ன?' என்று கேட்கும்போது காட்டுவதற்கு ஏதாவது இருக்கும்.